எமன் கட்சி எம்.பி.

அந்த நாட்டுப் பார்லிமெண்டில் கை தூக்கி ஓட்டுப் போடமாட்டார்களாம். பொத்தானும் கிடையாதாம். மணி அடிக்குமாம். அது நிற்பதற்குள் எங்கே இருந்தாலும் ஓடிவந்து, வேண்டும் என்கிறவர்கள் ஒரு தாழ்வாரம் வழியாகவும், வேண்டாம் என்கிறவர்கள் இன்னொரு தாழ்வாரம் வழியாகவும் நடந்து போகவேண்டும். வாசலில் ஆள் நின்று தலை எண்ணுவான். நடந்தவனுக்கு ஓட்டு உண்டு. நடக்காதவனுக்கு இல்லை.

இதை நான் மொழிபெயர்த்துச் சொன்னபோது, படுத்திருந்த என் மனைவி எழுந்து உட்கார்ந்தாள்.

"அப்போ அங்கயும் நடந்தாத்தான் கணக்கா?" என்று கேட்டாள்.

எதிரே மடக்கு நாற்காலியில் இருந்தவர் தலையை ஆட்டினார். பதினாறு வருஷம் அந்தத் தாழ்வாரங்களில் நடந்துவிட்டு, தேர்தலில் தோற்று, எங்கள் ஊருக்கு வந்து உட்கார்ந்திருந்த மனிதர் அவர்.

செங்கம் ரோட்டில் ஆசிரமத்தைத் தாண்டிக் கொஞ்ச தூரத்தில் எனக்கு ஒரு டிபன் கடை. முன்னால் கடை, பின்னால் ஒரே அறையில் வீடு. ஏழாவதோடு பள்ளிக்கூடத்தை விட்டு, பஸ் ஸ்டாண்டு ஹோட்டலில் டம்ளர் கழுவி, சப்ளையராகி, ஆசிரமத்து வெள்ளைக்காரர்களிடம் கொஞ்சம் இங்கிலீஷ் பொறுக்கி, மாவாட்டி, ஒருவழியாக எழுபதுகளின் தொடக்கத்தில் தனியாக அடுப்பு மூட்டினேன். பயந்த சுபாவம் எனக்கு. பூட்டிய பூட்டை நாலடி போய்த் திரும்பி வந்து இழுத்துப் பார்ப்பேன். பால்காரர் கொஞ்சம் தாமதித்தால் அவருக்கு விபத்து நடந்துவிட்டதாகவே நினைத்துக்கொள்வேன். கீழ்பென்னாத்தூரிலிருந்து வந்த என் மனைவி அப்படி இல்லை. "நீங்க பயந்தா மட்டும் நடக்கறது நடக்காம போயிடுமா? கம்முனு இருங்க" என்பாள்.

அவள் பயந்து நான் பார்த்தது ஒரே ஒரு முறை. எங்கள் மகளுக்கு இரண்டு வயதில் தொண்டை அடைத்துக்கொண்டு மூச்சு திணறியது. ஆஸ்பத்திரி ஜன்னலில் மலை தெரிந்தது. அதைப் பார்த்துக் கையெடுத்துக் கும்பிட்டாள். "இவ பொழச்சா, இவளுக்குக் கல்யாணம் ஆகற வரைக்கும் பௌர்ணமி தவறாம ஒன்னச் சுத்தி வரேன். எங்காலால நடந்து வரேன்." குழந்தை பிழைத்துக்கொண்டது. அவளும் சொன்னபடி நடந்தாள். அப்போதெல்லாம் பௌர்ணமிக்கு இப்போது போல் ஜனம் கிடையாது. மாலையில் கிளம்பினால் முன்னால் போகிறவர் யார், பின்னால் வருகிறவர் யார் என்று முகம் பார்த்தே சொல்லிவிடலாம்.

அப்படிப் பின்னால் வந்த ஒரு முகம்தான் அந்த வெள்ளைக்காரர். அப்போது அவர் எம்.பி.யாகவே இருந்தார். குளிர்காலத்தில் பார்லிமெண்டுக்கு லீவு விட்டால் வருவார், எங்கள் கடைக்கு இரண்டு வீடு தள்ளி அறை எடுப்பார், எங்களிடமே சாப்பிடுவார். ஆசிரமத்துக்கு வருகிற மற்றவர்களைப் போல் கண்ணை மூடி உட்காரமாட்டார். மலையைச் சுற்றி நடக்க மட்டும்தான் வந்தேன் என்பார். தமிழை அவர் கற்றுக்கொண்டது என் மனைவியிடம். அதனால் ஆறடி உயரத்தில் நின்றுகொண்டு, "இன்னாம்மா, சட்னில உப்பு ஜாஸ்தி ஆயிட்ச்சே" என்று கீழ்பென்னாத்தூர்ப் பெண்பிள்ளை மாதிரியே பேசுவார். கடையில் இருக்கிறவர்களுக்குப் புரையேறிவிடும்.

எம்.பி. என்று தெரிந்ததும் ஊர் சும்மா இருக்குமா? மனுவோடு வந்துவிட்டார்கள். பட்டா மாற்ற வேண்டும், பம்பு செட்டுக்குக் கரண்டு வேண்டும், பையனுக்குப் பஸ்ஸில் கண்டக்டர் வேலை வேண்டும். அவர் கையைக் கூப்பி, "நான் வேற ஊரு எம்.பி.ங்க. என்னால இங்க ஒண்ணும் ஆவாது" என்பார். ஒருத்தரும் நம்பவில்லை. கடைக்கு எதிரே வாடகை சைக்கிள் கடை வைத்திருந்த பாய்தான் சொன்னார்: "நம்மாளுங்க எல்லாம் ஆவட்டும், பாக்கலாம்னு சொல்லுவாங்க. இவரு ஆவாதுன்னு உண்மைய சொல்றாரு. அதான் ஜனத்துக்கு சந்தேகம்."

ஆனாலும் அவர் யாரையும் திருப்பி அனுப்பவில்லை. என்னைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு ஒவ்வொருவர் சொல்வதையும் கடைசிவரை கேட்பார். அவர் ஊரிலும் சனிக்கிழமை தோறும் ஒரு மளிகைக் கடையின் மாடியில் உட்கார்ந்து இதைத்தான் செய்தாராம். கூரை ஒழுகுது, சாக்கடை அடைச்சிருக்குது, பென்ஷன் வரல. அது நிலக்கரி வெட்டுகிற ஊர். அவர் அப்பா சுரங்கத்தில் இறங்கியவர். அண்ணனும் அப்படியே. இவரும் பதினைந்து வயதில் பள்ளிக்கூடத்தை விட்டு இறங்கியவர்தான். அப்புறம் சங்கம், அப்புறம் நகரசபை, அப்புறம் பார்லிமெண்டு. பள்ளிக்கூடத்தை விட்டவர் என்று கேட்டதும் எனக்கு அவர்மேல் இருந்த பயத்தில் பாதி போய்விட்டது.

பிறகு ஒரு வருஷம் மனைவிக்கு நடந்தால் மூச்சு வாங்கியது. கால் வீங்கியது. வேலூருக்குக் கூட்டிக்கொண்டு போனேன். சிறு வயதில் மூட்டு வீங்கி ஜுரம் வந்ததா என்று டாக்டர் கேட்டார். வந்தது என்றாள். அது அப்போதே இருதயத்தில் உள்ள வால்வைக் கெடுத்துவிட்டிருக்கிறது, இப்போது ஆபரேஷன் தாங்குகிற உடம்பு இல்லை, மாத்திரையோடு வீட்டில் இருக்கட்டும், நீண்ட தூரம் நடக்கவே கூடாது என்றார்.

அடுத்த பௌர்ணமிக்கு எனக்குத் தெரியாமல் கிளம்பிப் போய்விட்டாள். அடி அண்ணாமலை தாண்டுவதற்கு முன்பே விழுந்திருக்கிறாள். பாய்தான் சைக்கிள் கேரியரில் உட்காரவைத்துத் தள்ளிக்கொண்டு வந்து சேர்த்தார். அதோடு நடை நின்றது.

அதற்கப்புறம் அவள் பழைய ஆள் இல்லை. மகள் தும்மினால் எழுந்து உட்கார்ந்துகொள்வாள். பள்ளிக்கூடம் விட்டு வரத் தாமதமானால் வாசலுக்கும் கட்டிலுக்குமாக நடப்பாள். "நான் வார்த்த தவறிட்டேன். சாமி திருப்பிக் கேட்டா இன்னா பண்ணுவேன்?" என்று அழுவாள். எங்கள் வீட்டில் பயப்படுவதற்கு நான் ஒருவன் போதும். அவளும் சேர்ந்துகொண்டதும் அந்த அறையில் மூச்சுவிட இடம் இல்லாமல் போயிற்று. ஒனக்குப் பதிலா நான் நடக்கறேன் என்றேன். "நீங்க நடந்தா அது ஒங்க நடை. நான் எங்காலாலன்னு சொல்லிட்டேனே" என்றாள். மாட்டுவண்டியில் வைத்துச் சுற்றலாமா என்று கேட்டேன். சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள்.

அந்தச் சமயத்தில்தான் அவர் தோற்றுவிட்டு வந்தார். இந்தத் தடவை திரும்பிப் போகத் தேதி இல்லை. தாடி வளர்ந்திருந்தது. ஏன் தோற்றீர்கள் என்று நான் கேட்கவில்லை. அவள்தான் கேட்டாள். கட்டிலில் படுத்தபடி, பிறந்த வீட்டிலிருந்து வந்த வேர்க்கடலையை உரித்துக்கொண்டே கேட்டாள். அவரும் ஒரு கை அள்ளி உரித்துக்கொண்டே, இங்கிலீஷிலும் தமிழிலும் மாற்றி மாற்றிச் சொன்னார்.

அங்கே ஒரு வழக்கம் உண்டாம். ஒரு எம்.பி.க்கு உடம்பு சரியில்லை, ஓட்டுப் போட வரமுடியாது என்றால், எதிர்க்கட்சியில் ஒருவர் நானும் வரவில்லை என்று ஒதுங்கிக்கொள்வார். இந்தப் பக்கம் ஒன்று குறைந்தால் அந்தப் பக்கமும் ஒன்று குறையும். யாருக்கும் நஷ்டமில்லை. அதற்குப் பேர் ஜோடி. சட்டத்தில் கிடையாது, கையெழுத்து கிடையாது. வாய்ச்சொல்தான்.

டீ குடிக்க வந்த பாய் கதவோரம் நின்று கேட்டுக்கொண்டிருந்தார். "எதிர்க்கட்சிக்காரன் வரலன்னா நாமளும் வராம இருக்கறதா? நம்மூர்ல வராதவன் ஓட்டையும் சேத்து நாமே போட்டுடுவோம் சார்" என்றார்.

இவருக்கு ஜோடியாக இருந்தவர் ஒரு பெரிய நிலக்காரர், பரம எதிரிக் கட்சி. வருஷக்கணக்காக ஒருவருக்கொருவர் வாக்குத் தவறியதில்லை. அவர் ஆஸ்பத்திரியில் கிடந்த நேரத்தில் ஒரு மசோதா வந்தது. சுரங்கத்தூசி நெஞ்சில் ஏறி இருமிச் சாகிறவர்களின் குடும்பத்துக்குப் பணம் கொடுக்கிற மசோதா. இவர் கட்சி கொண்டுவந்ததுதான். இவர் அப்பா செத்த வியாதி அது. அண்ணனும் அதே இருமலோடு படுத்திருந்தார். இவர் ஜோடிக்குச் சொன்ன சொல்லுக்காக ஓட்டுப் போடாமல் இருக்கவேண்டும். அன்று காலை அந்த நிலக்காரர் செத்துப்போனார். ஆள் செத்துப்போனால் ஜோடி முடிந்தது. நீ நடக்கலாம் என்று கட்சிக்காரர்கள் வந்து கெஞ்சினார்கள். மணி அடித்தது. இவர் நூலகத்தில் உட்கார்ந்தே இருந்தார்.

"ஏன்?" என்று நான் கேட்டேன்.

"முந்தின நாள் சாயங்காலம் அவரு கையப் புடிச்சிட்டு சொன்னேன். பொழுது விடியறதுக்குள்ள அது இல்லன்னு ஆயிடுமா?"

மசோதா ஒரே ஓட்டில் தோற்றது. பிறகு வேறொரு வருஷம் வேறொரு ரூபத்தில் நிறைவேறியதாம். ஆனால் அதற்குள் இவர் அண்ணன் செத்துப்போனார். சாவதற்குமுன் இவரைப் பார்க்கவே மாட்டேன் என்று சொல்லிவிட்டார். அடுத்த தேர்தலில் அந்த ஊரும் அதைத்தான் சொன்னது.

"நான் செஞ்சது சரியா தப்பான்னு இன்னும் தெரியல" என்றார். உரித்த கடலையைத் தின்னாமல் அவள் பக்கத்துத் தட்டிலேயே போட்டுக்கொண்டிருந்தார்.

அவள் கையிலிருந்த கடலைத் தோலை உதறினாள். பிறகுதான் எழுந்து உட்கார்ந்து, அங்கயும் நடந்தாத்தான் கணக்கா என்று கேட்டாள். கேட்டுவிட்டு, தன் வேண்டுதலை முதல்முறையாக அவரிடம் சொன்னாள். அழாமல் சொன்னாள்.

அவர் நாற்காலியைக் கட்டிலுக்குக் கிட்டே இழுத்துப் போட்டுக்கொண்டார். "சரிம்மா. ஒனக்கு ஜோடி நானு."

"ஜோடின்னா எதிர்க்கட்சியா இருக்கணும்னு சொன்னீங்களேண்ணா?"

"நீ எந்தக் கட்சி?"

"எம்பொண்ணு கட்சி."

"அதுக்கு எதிர்க்கட்சி யாரு?"

அவள் தயங்கினாள். "எமந்தான்" என்றாள்.

"அப்ப நான் எமன் கட்சி. பௌர்ணமிக்கு நீ நடக்க முடியல, இந்தப் பக்கம் ஒண்ணு கம்மி. நானும் நடக்கல, அந்தப் பக்கமும் ஒண்ணு கம்மி. கணக்கு சமம். ஒம்பொண்ணுக்கு ஒண்ணும் ஆவாது."

"வெளக்கு வெக்கற நேரத்துல இன்னா பேச்சு சார் இது!" என்று நான் கத்திவிட்டேன். அவளோ சிரித்தாள். வேலூரிலிருந்து வந்த பிறகு அவள் சிரித்தது அன்றுதான். அவர் கையை நீட்டினார். நம் பெண்கள் அந்நிய ஆணின் கையைத் தொடமாட்டார்கள். அவள் தட்டிலிருந்து ஒரு கடலையை எடுத்து அவர் உள்ளங்கையில் வைத்தாள். அதுதான் ஒப்பந்தம்.

மறுநாள் பாய் சலாம் வைத்தார். "எமன் கட்சி எம்.பி. வணக்கம்! நல்ல கட்சியாதான் புடிச்சீங்க சார். டெபாசிட்டே போவாது. எப்பவும் ஜெயிக்கற கட்சி."

எல்லோரும் சிரித்தோம். நானும்தான் சிரித்தேன்.

அதிலிருந்து பௌர்ணமி தோறும் மாலை நாலு மணிக்கு, அவள் வழக்கமாகக் கிளம்பும் நேரத்துக்கு, அவர் வந்து நாற்காலியை விரிப்பார். நடப்பதற்காகவே கடல் தாண்டி வந்த மனிதர். ரோட்டில் ஜனம் போகிற சத்தம் கேட்கும். இருவரும் எதிரும் புதிருமாக உட்கார்ந்து கடலை உரிப்பார்கள். இந்நேரம் எங்கே போயிருப்போம் என்று அவள் வாயாலேயே மலையைச் சுற்றுவாள். "இப்ப தென்மேற்கு மூலை. இங்க ஒரு கெழவி மோர் விப்பா." "குடிச்சியாம்மா?" "இல்லண்ணா, குடிச்சா வயிறு கனக்கும், நடக்க முடியாது." ஈசான்யம் வந்ததும் இருவரும் எழுந்து மலையைப் பார்த்து நிற்பார்கள். அவள் கும்பிடுவாள். அவர் கையைக் கட்டிக்கொண்டு நிற்பார். எதிர்க்கட்சி கும்பிடக் கூடாது என்பார்.

மகள் தும்மினால் அவள் இப்போது எழுந்து உட்காரவில்லை. தூங்கினாள். அவள் தூங்குவதைப் பார்த்து நானும் தூங்கினேன். அப்படி ஒரு வருஷத்துக்கு மேல் ஓடியது.

ஐப்பசி மழையில் ஒரு செவ்வாய்க்கிழமை காலை. பௌர்ணமி இல்லை, அமாவாசை இல்லை, ஒன்றும் இல்லாத ஒரு நாள். அவள் மகளுக்குத் தலைபின்னி ரிப்பன் கட்டி அனுப்பிவிட்டு, கொஞ்சம் வெந்நீர் கொடுங்க என்றாள். அடுப்பில் பொங்கல் இருந்தது. கிளறி இறக்கிவிட்டு வெந்நீர் எடுத்துக்கொண்டு போனேன். சீப்பு கையில் இருந்தது. தலை சுவரில் சாய்ந்திருந்தது. கூப்பிட்டேன். வெந்நீர் ஆறும்வரை கூப்பிட்டுக்கொண்டே இருந்தேன்.

நான் வாழ்நாள் முழுவதும் எல்லாவற்றுக்கும் பயந்திருக்கிறேன். மகளுக்கு, கடைக்கு, பாலுக்கு, பூட்டுக்கு. டாக்டர் அவ்வளவு சொல்லியும், அவள் போய்விடுவாள் என்று மட்டும் நான் பயந்து வைக்கவில்லை. அவள் சிரித்துக்கொண்டிருந்தாளே.

சுடுகாட்டில் மழையில் சிதை நனையாமல் இருக்கத் தகரத்தைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள். அவர் வெறுங்காலோடு சேற்றில் நின்றார். திரும்பும்போது என் பக்கத்தில் வந்து, தமிழில், அவள் கற்றுக்கொடுத்த தமிழில் சொன்னார்: "பொண்ணுக்கு மட்டுந்தான் கேட்டா. அவளுக்குன்னு கேக்கல. எனக்கும் தோணல."

எனக்கும் தோன்றவில்லை. மூன்று பேர் அந்த அறையில் உட்கார்ந்து கணக்குப் போட்டோம். அவள் பேரை யாருமே சேர்க்கவில்லை.

அடுத்த பௌர்ணமிக்கு நாலு மணிக்கு வந்துவிட்டார். நாற்காலியை எடுத்து விரித்து, வெறும் கட்டிலுக்கு எதிரே உட்கார்ந்தார்.

"சார், அவதான் போயிட்டாளே. ஒங்க ஜோடி முடிஞ்சுது. போயி நடங்க" என்றேன்.

"சொன்ன சொல்லுலேர்ந்து அவ என்னை விடலியே."

"செத்தவ எப்படி சார் விடுவா?"

"அதான். விடல."

எனக்கு எங்கிருந்தோ ஆத்திரம் வந்தது. "எமன் கட்சின்னு சொன்னீங்களே! ஒங்க கட்சிதானே ஜெயிச்சுது? இன்னும் இன்னா இங்க உக்காந்து பாக்கறீங்க?" அவர் முகம் ஒடுங்கிப்போயிற்று. ஆனால் எழுந்து போகவில்லை. பள்ளிக்கூடம் விட்டு வந்த மகள் பையைப் போட்டுவிட்டுக் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்தாள். பின்னல் ஒரு பக்கம் மேலே, ஒரு பக்கம் கீழே இருந்தது. நான்தான் பின்னி அனுப்பியிருந்தேன். அவர் கடலையை உரித்து உரித்து அவளிடம் நீட்டினார். அவள் பசியோடு தின்றாள். நான் கடைக்குள் போய் அடுப்பைப் பார்த்து நின்றேன்.

அப்புறம் நான் அந்த வார்த்தையை எடுக்கவே இல்லை. பௌர்ணமி வந்தால் நாற்காலியை நானே விரித்து வைத்தேன்.

எண்பதுகளின் தொடக்கத்தில் அவருக்கும் அந்த இருமல் வந்தது. சிறு வயதில் விழுங்கிய தூசி அவ்வளவு வருஷம் காத்திருந்திருக்கிறது. அவர் ஊரில் இருந்த தங்கை வந்துவிடச் சொன்னார். பஸ் ஏற்றிவிடப் போனேன். அவர் பெட்டியை மேலே ஏற்றிவிட்டு இறங்கினேன். வெட்கத்தை விட்டுக் கேட்டுவிட்டேன். "சார், பௌர்ணமி?"

"எங்க இருந்தாலும் அந்த நேரம் உக்காருவேன்."

"இங்க நாலு மணின்னா அங்க?"

"காலைல டீ குடிக்கற நேரம்."

"அப்ப அங்க நெலா இருக்காதே சார்."

"இங்க மட்டும் நாலு மணிக்கு நெலா இருக்கா?" என்றார். சிரிக்கப் போய் இருமல் வந்து, பஸ் கிளம்பும்வரை இருமினார்.

வருஷங்கள் போயின. பௌர்ணமிக்கு ஜனம் கூடிக்கொண்டே வந்தது. மெட்ராஸிலிருந்தெல்லாம் பஸ் வர ஆரம்பித்தது. எனக்கு அன்றுதான் வியாபாரம். கரண்டி பிடித்தபடியே நாலு மணி ஆனதும் நினைத்துக்கொள்வேன்: அங்கே ஒரு மனிதர் டீ டம்ளரோடு உட்கார்ந்திருக்கிறார், என் மகளுக்கு ஒன்றும் ஆகாது. அது போதுமானதாக இருந்தது. அவளும் வளர்ந்தாள், படித்தாள், அம்மா மாதிரியே பயமில்லாமல் பேசினாள். தை மாதத்தில் கல்யாணம் என்று நிச்சயமாயிற்று.

மார்கழிப் பௌர்ணமிக்கு இரண்டு நாள் முன்பு, அந்தச் சுரங்க ஊர்ப் பக்கத்திலிருந்து வந்த ஒருவர் கடையில் இட்லி சாப்பிட்டார். மனசு பொறுக்காமல் எங்கள் எம்.பி.யைப் பற்றி விசாரித்தேன். "அவரா? கோடையிலேயே இறந்துவிட்டாரே. சாவுக்கு ஊரில் நிறையப் பேர் போகவில்லை" என்றார்.

கோடை. அப்படியானால் எத்தனையோ பௌர்ணமியாக அந்த நாற்காலியில் ஆள் இல்லை. சாம்பார் வாளியை அப்படியே வைத்துவிட்டு உள்ளே ஓடிப்போய் மகளைப் பார்த்தேன். அவள் பாட்டுக்குப் புடவைக்கு ஃபால்ஸ் தைத்துக்கொண்டிருந்தாள். அவளிடம் ஒன்றும் சொல்லவில்லை. கல்யாணம் வரைக்கும் இன்னும் ஒரே ஒரு பௌர்ணமி.

அன்று நாலு மணிக்கு ரோடு கொள்ளாத கூட்டம். கடை வாசலில் டிபனுக்கு ஆட்கள் நின்றுகொண்டிருந்தார்கள். அடுப்பைத் தணித்துவிட்டு உள்ளே வந்து, அவருடைய நாற்காலியைக் கட்டிலுக்கு எதிரே விரித்தேன். கட்டிலில் என் மனைவியின் இடத்தில் உட்கார்ந்து, தட்டில் கடலையைக் கொட்டிக்கொண்டு உரிக்க ஆரம்பித்தேன்.

மகள் ஓடிவந்தாள். "அப்பா! வெளிய ஜனம் நிக்குது, நீ இங்க ஒக்காந்து இன்னா பண்ற?"

"கொஞ்ச நேரம் ஒக்காந்திருக்கேன்."

"ஒடம்பு கிடம்பு சரியில்லயா?" என்று கேட்டுக்கொண்டே நாற்காலியில் உட்காரப் போனாள்.

"அதுல ஒக்காராத!" என்று அலறிவிட்டேன்.

பாதி குனிந்தவள் அப்படியே நிமிர்ந்தாள். நாற்காலியைப் பார்த்தாள். தட்டைப் பார்த்தாள். என் முகத்தைப் பார்த்தாள்.

"எப்பப்பா?" என்றாள்.

"போன வெயில் காலத்துல."

அவள் நாற்காலிக்கும் கட்டிலுக்கும் நடுவில் தரையில் உட்கார்ந்து, ஒரு கை கடலை அள்ளி மடியில் போட்டுக்கொண்டாள். வெளியே யாரோ டம்ளரால் மேஜையைத் தட்டிக் கூப்பிட்டார்கள். மறுபடியும் கூப்பிட்டார்கள். நாங்கள் எழுந்திருக்கவில்லை.